பதினாலாவது கேசட்

ஜூன் 9, 2014, திங்கள்

கோயம்பேட்டில் இறங்கி ஆட்டோ பிடித்து அசோக் நகர் வந்தபோது மணி ஏழு. வீட்டு எண்ணைச் சொன்னதும் ஆட்டோக்காரர் திரும்பிப் பார்த்து, கோமளாக்கா வீடா, நீங்க அவங்களுக்கு என்ன வேணும் என்று கேட்டார். சமையலுக்கு வந்திருக்கிறேன் என்றேன். தங்கச்சி என்று சொல்லியிருந்தால் அடுத்த கேள்வி என்னவென்று எனக்குத் தெரியும். "அந்த ரஞ்சியா?"

அந்த ரஞ்சிதான். மனோரஞ்சிதம், எம்.எஸ்ஸி., பி.எட். கரூரில் முப்பத்து மூன்று வருஷம் கணக்கு டீச்சர். போன மாதம் ஓய்வு. இதெல்லாம் யாருக்கும் தெரியாது. என் அக்கா கோமளவல்லி ரேடியோவிலும் டிவியிலும் இத்தனை வருஷமாகச் சொல்லிச் சிரித்த "எங்க வீட்டு ரஞ்சி"யைத்தான் எல்லோருக்கும் தெரியும்.

அக்காவுக்குத் தொண்டையில் ஆபரேஷன் ஆகி ஐந்து நாள் ஆகிறது. பயப்படும்படியான கட்டி இல்லையாம். ஆனால் ஆறு வாரம் பேசக்கூடாது. குசுகுசு என்று பேசுவது அதைவிடக் கெடுதல் என்று டாக்டர் எழுதியே கொடுத்திருக்கிறார். கதவைத் திறந்தவள் என்னைப் பார்த்ததும் வாயைத் திறந்தாள், ஞாபகம் வந்து மூடிக்கொண்டாள். ஐம்பத்தெட்டு வயதில் இப்படி ஒரு காட்சி எனக்குக் கிடைக்கும் என்று நான் நினைக்கவே இல்லை.

ஜூன் 10, செவ்வாய்

கஞ்சியில் உப்பு போடவில்லை. மறந்துபோய் அல்ல.

ஜூன் 12, வியாழன்

ஒரு ஸ்லேட்டும் சாக்பீஸும் வைத்திருக்கிறாள். வேண்டியதை அதில் எழுதிக் காட்டுகிறாள். நான் கண்ணாடியைத் தேடுகிறேன். தேடி எடுத்து, துடைத்து, போட்டுக்கொண்டு, எழுத்துக் கூட்டிப் படிக்கிறேன். அதற்குள் அவளுக்குக் கோபம் வந்துவிடுகிறது. இன்று "வென்னீர்" என்று எழுதியிருந்தாள். வெந்நீர் என்று திருத்திப் பத்துக்கு நான்கு மதிப்பெண் போட்டுத் திருப்பிக் கொடுத்தேன்.

போனை நான்தான் எடுக்கிறேன். எங்கள் இருவருக்கும் ஒரே குரல். ஹலோ என்றதுமே, அக்கா குரல் வந்துடுச்சா என்று கத்துகிறார்கள். இல்லை, இது தங்கச்சி என்கிறேன். பிறகு ஒரு சிரிப்பு கேட்கிறது. அந்தச் சிரிப்பு எனக்கு 1983-லிருந்து பழக்கம்.

என்னை வரவழைத்தது கஞ்சி காய்ச்ச அல்ல. ஆபரேஷனுக்கு முன்னால் தன் வாழ்க்கைக் கதையை இருபத்திரண்டு கேசட்டில் பேசி வைத்திருக்கிறாள். பூவராகன் என்ற பதிப்பாளர் அதைப் புத்தகமாகப் போடுகிறார். கேசட்டைக் கேட்டுக் கம்ப்யூட்டரில் அடித்துக் கொடுக்க வேண்டும். "வேற யாரும் வேணாம், ரஞ்சிதான் அடிக்கணும்" என்று எனக்குக் கடிதம் எழுதியிருந்தாள். எதற்கு வந்தேன்? பேச முடியாத கோமளாவை ஆறு வாரம் எதிரே உட்கார வைத்துப் பார்க்கும் வாய்ப்பை விட மனம் வரவில்லை. வேறு காரணம் இல்லை.

ஜூன் 15, ஞாயிறு

மூன்று கேசட் முடிந்தது. ஒவ்வொரு கேசட்டும் ஒரே மாதிரிதான் தொடங்குகிறது. "ஒண்ணு, ரெண்டு, மூணு. காலைல ரெண்டு இட்லி, மல்லிச் சட்னி." ரேடியோக்காரர்கள் பழக்கமாம். மைக்கில் குரல் சரியாக விழுகிறதா என்று பார்க்க, ரெக்கார்டிங் தொடங்கும் முன் சாப்பிட்டதைச் சொல்லச் சொல்வார்கள். லெவல் பார்ப்பது என்று பெயர். வீட்டில் தனியாகப் பேசும்போதும் இவளுக்கு அது போகவில்லை. அவள் தின்ற இட்லிக் கணக்கு எனக்கு எதற்கு? அந்த இடத்தைத் தள்ளிவிட்டுத்தான் கேட்கிறேன்.

கதை 1981-ல் தொடங்குகிறது. ஒற்றைப் பையோடு சென்னைக்கு வந்து, ரேடியோவில் நாள் கூலிக்கு அறிவிப்பாளராகச் சேர்கிறாள். அடிக்கிற கணவனுக்காகப் பாட்டுக் கேட்டுக் கடிதம் போட்ட பெண்ணிடம், "பாட்டு போடறேன், நீங்க மொதல்ல அந்த வீட்ட விட்டு வெளிய வாங்க" என்று நேரலையில் சொன்னாள். வேலை போனது. எண்ணூறு கடிதம் வந்த பிறகு திரும்பக் கூப்பிட்டார்கள். டிவிக்குப் போன பிறகு, விளம்பரம் கொடுத்த தலைமுடி எண்ணெய்க் கம்பெனி முதலாளியையே எதிரில் உட்காரவைத்து, உங்கள் தலையில் ஏன் முடி இல்லை என்று கேட்டாள். இப்போது எட்டு வருஷமாக எஃப்.எம்.மில் காலை நேரம். "பட்டதைச் சொல்றேன்" என்று நிகழ்ச்சிக்குப் பெயர். ஒளிக்காமல் பேசுகிறவள் என்று ஊரே கொண்டாடுகிறது.

ஒளிக்காமல் பேசுகிறவளின் லட்சணத்தை இங்கே எழுதிவைக்கிறேன். மூன்றாவது கேசட்டில் வருகிறது. "எங்க வீட்டு ரஞ்சி பத்தாவது கணக்குப் பரீட்சைக்கு ஜாக்கெட்ல பிட் வச்சு எழுதி முப்பத்தஞ்சு வாங்கினா." ரேடியோவில் இதை அவள் குறைந்தது இருபது தடவை சொல்லியிருக்கிறாள். பிட் வைத்தது அவள். முப்பத்தைந்து வாங்கியதும் அவள். நான் தொண்ணூற்றாறு. பெயிண்டர் தங்கராசுவுக்கு எழுதிய காதல் கடிதத்தை ஆள் மாற்றி, பஸ் பாடி கட்டும் பட்டறையில் அப்பாவின் டூல்ஸ் பெட்டியிலேயே போட்டதும் அவள்தான். கல்யாணத்துக்குப் போன பஸ்ஸில் தூங்கி ஈரோடு வரை போனதும் அவள்தான். தான் செய்த அசட்டுத்தனம் அத்தனையையும் என் பெயரில் சொல்லியே பெயர் வாங்கினாள்.

கணக்கு டீச்சர் பிட் அடித்தவள் என்றால் பையன்கள் விடுவார்களா? கரும்பலகையில் "பிட் ரஞ்சி" என்று எழுதி வைத்தார்கள். 2006-ல் தலைமையாசிரியை பதவிக்கு என் முறை வந்தது. பள்ளித் தாளாளர் கூப்பிட்டு, ஊர் சிரிக்குதேம்மா, பெற்றோர்கள் ஒரு மாதிரி பேசறாங்க என்றார். எனக்குப் பின்னால் சேர்ந்தவளுக்குக் கொடுத்தார்கள். அந்த வாரமும் அக்கா ரேடியோவில் பஸ் கதை சொன்னாள்.

ஜூன் 16, திங்கள்

வழி கிடைத்துவிட்டது. மூன்றாவது கேசட்டை அடிக்கும்போது பிட் வைத்தவள் கோமளவல்லி என்றே அடித்தேன். மதிப்பெண்ணையும் சேர்த்து.

ஜூன் 21, சனி

எட்டாவது கேசட் வரை முடிந்தது. ஒன்றையும் விடவில்லை. ஒவ்வொரு கதையையும் அதன் சொந்தக்காரி பெயருக்கே மாற்றியாகிவிட்டது. அவளுடைய நடை எனக்கு அத்துப்படி என்பதால் தையல் தெரியவில்லை. அத்தியாயம் முடிய முடியப் பூவராகனுக்கு ஈமெயில் போகிறது. பிரமாதம், இவ்வளவு வெளிப்படையாகத் தன்னைப் பற்றியே எழுதுவார் என்று நினைக்கவில்லை என்று அவர் பதில் போட்டிருந்தார். எனக்கு உடம்பெல்லாம் குளிர்ந்தது.

அவள் என்ன எழுதுகிறாய் என்று கேட்பதே இல்லை. ஆவி பிடித்துவிட்டு, தலையில் துண்டோடு என் பின்னால் வந்து நிற்கிறாள். நான் திரையைக் குறுக்கிவிடுகிறேன். புத்தகம் அச்சாகி, ஊரே படித்து, அவள் வாயைத் திறக்கும்போது குரல் இருக்காது. அந்த நாளை நினைத்துக்கொண்டேதான் பாத்திரம் தேய்க்கிறேன்.

கேஸ் சிலிண்டர் பதிவு செய்தேன்.

ஜூன் 28, சனி

பதின்மூன்று முடிந்தது. பதினாலாவது கேசட்டில் ரப்பர் பேண்டு சுற்றி, "அப்பா" என்று எழுதியிருக்கிறாள். அதைக் கேட்கத் தேவையில்லை. எனக்கு மட்டுமல்ல, தமிழ்நாட்டில் டிவி வைத்திருந்த எல்லோருக்கும் அது மனப்பாடம்.

1996-ல் அவள் நேரலையில் அழுதுகொண்டே சொன்ன கதை அது. 1980, திருச்சியில் ஒரு ஆஸ்பத்திரி. அப்பாவுக்கு வயிற்றில் ஆபரேஷன். தனியாக எழுந்திருக்கவே கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். மத்தியானம் கூட இருக்க வேண்டிய மகள், ஒரு ஆளோடு மாட்டினி படத்துக்குப் போய்விட்டாள். அப்பா பாத்ரூம் போகத் தனியாக எழுந்து விழுந்தார். தையல் விட்டுப்போய் மூன்றாம் நாள் இறந்தார். "அந்த மக நான்தான்" என்றாள் டிவியில். அன்றைக்குத்தான் அவள் வெறும் கோமளாவிலிருந்து எல்லோருக்கும் கோமளாக்கா ஆனாள். அவளிடம் போய் மனசைத் திறந்தால் அவள் நம்மைத் திட்டமாட்டாள் என்று ஜனங்கள் நம்பியது அந்த ஒரு கதையால்தான்.

கரூர் வீட்டில் அம்மாவும் நானும் அதைச் சேர்ந்துதான் பார்த்தோம். நான் முறத்தில் துவரம்பருப்பு பொறுக்கிக்கொண்டிருந்தேன். அம்மா எழுந்துபோய் டிவியை அணைத்தாள். அம்மா 2001-ல் சாகும்வரை கோமளா கையால் ஒரு வாய் தண்ணீர் வாங்கிக் குடித்ததில்லை. கடைசி வாரம் கோமளா டம்ளரோடு பக்கத்தில் போய் நின்றாள். அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். அதற்குக் காரணம் இருந்தது, ஊருக்கே தெரிந்த காரணம்.

பதினாலாவது அத்தியாயத்தை, டிவியில் அவள் சொன்னபடியே, ஒரு சொல் மாற்றாமல் அடித்துவிட்டேன். கேசட்டைப் பிரிக்கவில்லை. தலைவலி.

ஜூலை 3, வியாழன்

இருபத்திரண்டும் முடிந்தது. பால்காரரிடம் நாளையிலிருந்து அரை லிட்டர் போதும் என்று சொன்னேன்.

ஜூலை 10, வியாழன்

திருத்தம் பார்க்கப் பூவராகன் அச்சுப்படியை நேரே அவள் பெயருக்கே அனுப்பிவிட்டார். அச்சான பிறகுதான் அவள் பார்க்க வேண்டும் என்பது என் கணக்கு. நேற்றும் இன்றும் பால்கனியில் உட்கார்ந்து பென்சிலோடு படித்தாள். நான் சமையலறை ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்தேன். இப்போது தாளைத் தூக்கி எறிவாள், இப்போது எறிவாள் என்று காத்திருந்தேன். அவளோ பிட் கதை வந்த இடத்தில் தோள் குலுங்கச் சிரித்தாள். டூல்ஸ் பெட்டிக் கதைக்கு இன்னும் அதிகமாகச் சிரித்தாள். சத்தம் வராமலிருக்க முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். நான் ஜன்னலை இழுத்துச் சாத்தினேன்.

சாயங்காலம் பதினாலுக்கு வந்தாள். படித்துவிட்டுப் பென்சிலைக் கீழே வைத்தாள். ஸ்லேட்டில் எழுதிக் காட்டினாள்: "கேசட் 14 கேட்டியா?" கேட்டேன் என்றேன். எழுந்துபோய்க் கேசட்டைக் கொண்டுவந்து காட்டினாள். சுற்றிய ரப்பர் பேண்டு அப்படியே இருந்தது.

ஜூலை 11, வெள்ளி

இன்று அவள் குளிக்கப் போனபோது கேட்டேன். தள்ளிவிடாமல், முதலிலிருந்து.

"ஒண்ணு, ரெண்டு, மூணு. காலைல ரெண்டு இட்லி, தக்காளிச் சட்னி. ரஞ்சி, இட்லி வரைக்கும் நீ கேக்கமாட்ட, தள்ளிவிட்டுருவ. தள்ளாத. பிட்டு, லெட்டரு, பஸ்ஸு எல்லாத்தையும் எம்பேருக்கு மாத்தித்தான் அடிச்சிருப்ப. அதுக்குத்தான்டி உன்னயக் கூப்பிட்டேன். நானா மாத்திச் சொல்ல எனக்கு வாய் வரல. பழகிப்போச்சு. வேற ஆளுன்னா நான் சொன்னத அப்படியே அடிச்சுக் குடுத்துருவான். இந்தக் கேசட்டு மட்டும் உன் இஷ்டம். நெசத்த எழுதினாலும் சரி, எம்பேர்லயே இருந்தாலும் சரி. உன்னயக் கேக்காம இத நான் மாத்த மாட்டேன்."

அதற்குப் பிறகு டிவியில் சொன்ன அதே கதை.

ஒரு மாதமாக நான் பார்த்துப் பார்த்துச் செய்தது அவள் போட்ட திட்டமாம். பழிவாங்கக்கூட அவள் அனுமதி கொடுத்து, சம்பளமில்லாத டைப்பிஸ்டாக நான் உட்கார்ந்து அடித்திருக்கிறேன். அவள் பாத்ரூமிலிருந்து வந்ததும் ஒரு மணி நேரம் கத்தினேன். கீழ்வீட்டுக்காரர்கள் கோமளாக்காவுக்குக் குரல் வந்துவிட்டது என்று நினைத்திருப்பார்கள். என் பேரைக் கெடுத்தாய், என் வேலையைக் கெடுத்தாய், ஊர் வாயில் போட்டாய் என்று எல்லாவற்றையும் கொட்டினேன். அவள் தலையைத் துவட்டிக்கொண்டே கேட்டாள். பிறகு எழுதினாள்.

"உன்னோட பெரிசு ஒண்ண நான் தூக்கினேன். என் சில்லறைய நீ தூக்கினா என்ன?"

"தூக்கறேன்னு என்னயக் கேட்டியா?" என்றேன்.

அழித்துவிட்டு எழுதினாள். "அன்னிக்கு நீ இல்லன்னு சொன்னியா?"

சாக்பீஸ் தீர்ந்துபோச்சு என்று சொல்லிக் கடைக்குக் கிளம்பிவிட்டேன். டப்பாவில் இன்னும் ஐந்து இருந்தது.

ஜூலை 12, சனி

ஒன்றும் இல்லை. கீரை ஆய்ந்தேன்.

ஜூலை 17, வியாழன்

டாக்டர் பார்த்தார். பேசலாம், ஆனால் கொஞ்சமாக. குரல் கரகரப்பாகத்தான் இருக்கும், பழைய குரல் வருமா என்பதை மூன்று மாதம் கழித்துத்தான் சொல்ல முடியும் என்றார். ஒரு வார்த்தை பேசிப் பாருங்கள் என்றார். அவள் மறுத்துவிட்டாள். வெளியே வந்து ஸ்லேட்டில் எழுதினாள்: "மொத வார்த்தைய வீணாக்கக் கூடாது." இந்த நிலையிலும் நாடகம்.

எஃப்.எம். நிலையத்தில் ஞாயிற்றுக்கிழமை காலை "பட்டதைச் சொல்றேன்" எட்டாம் ஆண்டு நிறைவு. புத்தகத்திலிருந்து ஒரு அத்தியாயத்தை நேரலையில் படிக்க வேண்டுமாம். அவளால் முடியாது. நிலையத்திலிருந்து பேசியவர், உங்க குரல் அப்படியே அக்கா குரல்தானே, நீங்களே படிச்சிடுங்க, அப்பா அத்தியாயம்தான் எல்லாரும் கேக்கறாங்க என்றார். அக்காவைத் திரும்பிப் பார்த்தேன். ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ஜூலை 19, சனி

யாரும் படிக்கப்போவதில்லை என்பதால் எழுதுகிறேன்.

அன்றைக்கு ஆஸ்பத்திரியில் மத்தியானம் என் முறை. அக்கா ராத்திரி முழுக்கக் கண் விழித்துவிட்டு அத்தை வீட்டில் தூங்கப் போயிருந்தாள். என்னோடு பி.எட். படித்தவர் கீழே வந்து நின்றார். அப்பா தூங்கிக்கொண்டிருந்தார். இரண்டு மணி நேரம்தானே என்று அவரோடு மாட்டினிக்குப் போனேன். திரும்பி வந்தபோது கட்டில் காலியாக இருந்தது. மூன்றாம் நாள், பிணத்தை வைத்துக்கொண்டு அம்மா கேட்டாள், மத்தியானம் யாருடி இருந்தது என்று. நான் வாயைத் திறக்கும் முன் கோமளா, "நான்தாம்மா" என்றாள். நான் திறந்த வாயை மூடிக்கொண்டேன். அன்று மூடியதுதான். காரியம் முடிந்த கையோடு அம்மா அவளை வீட்டை விட்டு அனுப்பினாள். ஒற்றைப் பை. அப்புறம்தான் சென்னை, ரேடியோ எல்லாம். என்னைப் படத்துக்குக் கூட்டிப்போனவரை நான் பிறகு பார்க்கவே இல்லை. அன்றிலிருந்து எந்தப் படத்துக்கும் போனதில்லை.

இத்தனை வருஷம் அவளை வெறுக்க எனக்குப் பிட் கதை தேவைப்பட்டது. அது இல்லாவிட்டால் நான் எங்கே போய் நின்றிருப்பேன்?

நாளைக்கு என்ன செய்யப்போகிறேன் என்று தெளிவாகிவிட்டது. நல்லவள் ஆக வேண்டும் என்றெல்லாம் இல்லை. அந்தக் கதை அவளுக்கு மாலை. அதைப் போட்டுக்கொண்டுதான் அவள் ஊரெல்லாம் வலம் வந்தாள். என் பாவத்தை வைத்து எனக்கு மேலே ஒரு படி ஏறி நின்று, சில்லறை என்கிறாள். அந்தக் கதையை அவள் கையிலிருந்து பிடுங்கிவிட்டால், அவளும் என்னைப்போல வெறும் ஆள்தான். ஊர் என்னைக் காறித் துப்பட்டும். ஏற்கெனவே சிரித்த ஊர்தானே.

ஜூலை 20, ஞாயிறு

ஸ்டூடியோவில் என்னைத் தனியறையில் மைக் முன்னால் உட்கார வைத்தார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டெல்பின் என்ற சவுண்ட் இன்ஜினியர். அவள் பக்கத்தில் அக்கா, காதில் ஹெட்போனோடு. மடியில் ஸ்லேட்.

லெவல் பாக்கணும் மேடம், காலைல என்ன சாப்பிட்டீங்க என்றாள் டெல்பின். சாப்பிடவில்லை என்றேன். லெவலுக்கு அது போதுமாம்.

சிவப்பு விளக்கு எரிந்தது. அச்சுப்படியைக் கவிழ்த்து வைத்தேன்.

"வணக்கம். இது கோமளாக்கா குரல் மாதிரி இருக்கும். ஆனா கோமளாக்கா இல்ல. நான் ரஞ்சி. அவங்க வீட்டு ரஞ்சி. எங்கப்பாவத் தனியா விட்டுட்டுப் படத்துக்குப் போனது எங்கக்கா இல்ல. நான்."

அக்கா எழுந்துவிட்டாள். ஸ்லேட் கீழே விழுந்தது. நிறுத்தச் சொல்லி டெல்பின் தோளைப் பிடித்து உலுக்கினாள். முப்பது வருஷமாக யார் என்ன பேசினாலும் நடுவில் வெட்டக்கூடாது என்று சொல்லிக்கொடுத்தவளே வெட்டச் சொன்னால் அந்தப் பெண்தான் என்ன செய்வாள்? திகைத்துப்போய் உட்கார்ந்திருந்தாள். அக்கா கண்ணாடியை இரண்டு கையாலும் அடித்தாள். ஆறு வாரம் காப்பாற்றி வைத்திருந்த முதல் வார்த்தையைக் கத்தினாள். அந்த அறைக்குள் வெளிச் சத்தம் நுழையாது. வாய் அசைந்ததை வைத்துத்தான் புரிந்துகொண்டேன். "வேணான்டி."

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை மறைக்கவில்லை. கட்டில், காலி டம்ளர், மாட்டினி டிக்கெட், அம்மா கேட்ட கேள்வி, யார் பதில் சொன்னார்கள் என்பது, எல்லாவற்றையும் நிதானமாகச் சொன்னேன். வகுப்பில் கணக்கைப் படிப்படியாகப் போட்டுக் காட்டுவேனே, அப்படி. பதினோரு நிமிஷம். முடிந்தபோது அவள் தரையில் உட்கார்ந்திருந்தாள்.

திரும்பும்போது ஆட்டோவில் ரேடியோ ஓடிக்கொண்டிருந்தது. ஓட்டுகிறவர் கண்ணாடியில் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். நீங்கதான் அந்த ரஞ்சியா என்று கேட்டார். ஆமாம் என்றேன். அவர் ரேடியோவை அணைத்தார்.

நான் ஜெயித்துவிட்டேன் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். வடபழனி சிக்னலில் நின்றபோது அக்கா பேசினாள். கரகரவென்று, யாரோ ஒரு கிழவியின் குரல். என் குரலும் இல்லை, அவள் குரலும் இல்லை.

"அம்மா இருக்கறப்பவே சொல்லியிருக்கலாமேடி."

அவ்வளவுதான். ஏதாவது திட்டியிருந்தால் பதில் வைத்திருந்தேன். சிக்னல் விழுந்து ஆட்டோ நகர்ந்தது. விரிசல் விட்ட ஸ்லேட்டும் சாக்பீஸும் இப்போது என் மடியில் இருந்தன. வீடு வரும்வரை அதில் எழுத எனக்கு ஒரு வார்த்தையும் கிடைக்கவில்லை.